புரட்டாசியில் அடுக்களைக்குள் மீன் வாடை: எம்சிபி ஏன் விழவில்லை?

கொடிமுல்லை (மதுரை)

எல்லோருக்கும் வணக்கம். நேற்று எங்கள் வீட்டில் நடந்ததை எழுதுகிறேன். படிக்கிறவர்கள் உங்கள் வீட்டு ஃபிரிட்ஜுக்குப் பின்னால் ஒருமுறை எட்டிப் பாருங்கள்.

புரட்டாசி என்பதால் வீட்டில் மீன், கறி எதுவும் கிடையாது. ஆனால் மூன்று நாளாக அடுக்களைக்குள் போனாலே லேசாக மீன் வாடை. பக்கத்துப் போர்ஷனில் சமைக்கிறார்கள் என்று அத்தை ஜன்னலைச் சாத்திவிட்டார்கள். நான் சிங்க் குழாயில் வெந்நீர் ஊற்றினேன், குப்பைக்கூடையைக் கழுவி வெயிலில் கவிழ்த்தேன், ஃபிரிட்ஜை முழுக்கக் காலி செய்து துடைத்தேன். வாடை சாயங்காலம் வரும், காலையில் இருக்காது.

நேற்று ராத்திரி ஏழரைக்கு இண்டக்‌ஷன் அடுப்பில் பால் வைத்திருந்தேன். ஃபிரிட்ஜுக்குப் பின்னால் கடுகு பொரிகிற மாதிரி சத்தம். அங்கே 6 ஆம்ப் சாக்கெட் ஒன்றில் மல்டி பிளக் செருகி, அதில் ஃபிரிட்ஜ், இண்டக்‌ஷன், மிக்சி மூன்றையும் மாட்டியிருந்தோம். மல்டி பிளக்கின் ஓரம் டீ நிறத்தில் பழுத்து, சாக்கெட்டின் ஒரு துளை கோணியிருந்தது. மேலே சுவரில் கட்டைவிரல் அகலத்துக்குக் கரி. அதை ஒட்டி இரண்டு விரற்கடை தூரத்தில் காலண்டர் தொங்குகிறது.

அவர் ஓடிப்போய் மெயினை அணைத்தார். தீ பிடிக்கவில்லை. என் கேள்வி ஒன்றுதான். எங்கள் வீட்டில் புது எம்சிபி (கரண்ட் அளவு மீறினால் தானாக விழுந்து லைனைத் துண்டிக்கிற ஸ்விட்ச்) பெட்டி போட்டு இரண்டு வருடம்தான் ஆகிறது. அது ஏன் விழவில்லை?

வயர்மேன்47 (திருப்பூர்)

அம்மா, முதலில் அந்த சாக்கெட்டைத் தொடாதீர்கள். ஸ்விட்ச் அணைத்திருந்தாலும் தொடாதீர்கள். அந்த லைனின் எம்சிபியைக் கீழே தள்ளிவிட்டு, ஆள் வந்து பார்க்கும்வரை அப்படியே இருக்கட்டும். ஃபிரிட்ஜை வேறு அறையில் தனி சாக்கெட்டில் மாட்டிக்கொள்ளுங்கள்.

இப்போது உங்கள் கேள்வி. இண்டக்‌ஷன் அடுப்பு முழு வேகத்தில் 2000 வாட். நம்ம வீட்டுக் கரண்ட் 230 வோல்ட். வகுத்தால் 8.7 ஆம்ப் வரும். ஃபிரிட்ஜ் ஓடும்போது ஒரு ஆம்ப் வைத்துக்கொள்ளுங்கள். ஏறக்குறைய 10 ஆம்ப். பெட்டியில் அந்த லைனுக்கு 16 ஆம்ப் எம்சிபி போட்டிருப்பார்கள். அதன் கணக்கில் 10 என்பது சாதாரணம், விழ வேண்டிய அவசியமே இல்லை. ஆனால் சாக்கெட் 6 ஆம்புக்குச் செய்தது. மல்டி பிளக் அதைவிட மட்டம். எம்சிபிக்கு உங்கள் சாக்கெட் என்ன சைஸ் என்று தெரியாது.

இன்னொன்று, இதுதான் நான் தினமும் பார்ப்பது. லூஸ் கனெக்‌ஷன். பிளக் பின் துளைக்குள் ஆடினாலோ, உள்ளே திருகு தளர்ந்தாலோ, அந்த ஒரு புள்ளியில் மட்டும் சூடு ஏறும். ஓடுகிற கரண்ட் கூடாது, அதனால் எம்சிபி கடைசிவரை சும்மாதான் இருக்கும். சூட்டில் பித்தளை தளரும், தளர்ந்தால் இன்னும் சூடு. நீங்கள் கேட்ட கடுகுச் சத்தம் உள்ளே பொறி பறக்கிற சத்தம்.

மீன் வாடை விஷயத்தில் நீங்கள் மட்டும் ஏமாறவில்லை. ஸ்விட்ச், சாக்கெட் செய்கிற சில வகை பிளாஸ்டிக் சூடேறினால் அப்படித்தான் நாறும். எலி செத்துவிட்டது என்று நினைத்துப் பரணை எல்லாம் இறக்கிப் பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்ட வீடுகள் உண்டு. சாயங்காலம் மட்டும் வாடை வந்ததற்குக் காரணம், சாயங்காலம்தான் நீங்கள் இண்டக்‌ஷன் போடுகிறீர்கள்.

மாடிவீட்டு_ரவுண்டானா

எங்கள் வீட்டில் எம்சிபி அடிக்கடி விழுந்துகொண்டே இருந்தது. எலக்ட்ரீஷியன் வந்து 32 ஆம்ப் மாற்றிக் கொடுத்தார். அப்புறம் ஒரு தொந்தரவும் இல்லை. நீங்களும் நல்ல கம்பெனி எம்சிபியாக மாற்றிப் பாருங்களேன்.

வயர்மேன்47

தம்பி, தயவுசெய்து நாளைக்கே அதைக் கழற்றச் சொல்லுங்கள். கோபத்தில் சொல்லவில்லை, பயத்தில் சொல்கிறேன்.

எம்சிபி காப்பாற்றுவது முக்கியமாகச் சுவருக்குள் போகிற வயரை. சாதாரணமாக லைட், ஃபேனுக்கு 1.5 சதுர மில்லிமீட்டர், பவர் பிளக்குக்கு 2.5, ஏசிக்கு 4 இழுப்போம். 2.5 வயருக்கு 32 ஆம்ப் எம்சிபி வைத்தால், வயர் தாங்குகிற அளவைத் தாண்டிய பிறகும் அது விழாது. பைப்புக்குள்ளேயே வயரின் தோல் உருகும். உங்களுக்குத் தெரியவரும்போது சுவர் புகையும். விழுகிற எம்சிபி உங்களிடம் ஏதோ சொல்கிறது, நீங்கள் அதன் வாயை அடைத்துவிட்டீர்கள். லோடைப் பிரித்துத் தனி லைன் இழுப்பதுதான் வழி.

அரசுப்பள்ளி_டீச்சர்

எங்கள் வீட்டில் ஈஎல்சிபி இருக்கிறது. அப்படியென்றால் இது வராதுதானே ஐயா?

வயர்மேன்47

அது வேறு வேலை டீச்சர். இப்போது ஆர்சிசிபி என்கிறோம். போகிற கரண்டும் திரும்புகிற கரண்டும் சமமாக இல்லாவிட்டால் விழும். வீட்டுக்குப் போடுவது 30 மில்லிஆம்ப். ஷாக்கில் இருந்து காப்பாற்றும், எர்த்துக்குக் கசிந்தாலும் காட்டிக்கொடுக்கும். கட்டாயம் இருக்க வேண்டும். மாதம் ஒருமுறை அதிலுள்ள டெஸ்ட் பட்டனை அழுத்திப் பாருங்கள், விழாவிட்டால் மாற்றுங்கள். ஆனால் பேஸ் வயரின் திருகு தளர்ந்து சூடேறினால் அதுவும் பார்த்துக்கொண்டுதான் இருக்கும். அதற்கு உங்கள் கையும் மூக்கும்தான். அயர்ன் பண்ணி முடித்ததும் பிளக்கைக் கழற்றி அதன் பின்னைப் புறங்கையால் தொட்டுப் பாருங்கள். வெதுவெதுப்பு பரவாயில்லை. சுட்டால் சாக்கெட் போச்சு.

தேம்ஸ்_கரையோரம் (லண்டன்)

கொடிமுல்லை அக்கா, உங்கள் பதிவைப் படித்ததும் கிரென்ஃபெல் நினைவு வந்தது. 2017 ஜூன் 14 அதிகாலையில் இங்கே மேற்கு லண்டனில் அந்த அடுக்குமாடி எரிந்து 72 பேர் இறந்தார்கள். தீ வெளிச்சுவர் வழியாக மேலே ஏறியதற்குக் காரணம் அங்கே பொருத்தியிருந்த பிளாஸ்டிக் நடுவைத்த தகடுகள். ஆனால் தொடக்கம் நாலாவது மாடியில் ஒரு வீட்டு அடுக்களையில், ஃபிரிட்ஜ் பக்கம். அதன் கம்ப்ரசர் பகுதியில் சரியாக இறுக்காத ஒரு வயர் இணைப்பு சூடேறியிருக்கலாம் என்று விசாரணையில் மின் நிபுணர் ஒருவர் சொன்னார். வயர்மேன் அண்ணா சொன்ன அதே லூஸ் கனெக்‌ஷன்.

இங்கிலாந்தில் 2015 அக்டோபரில் இருந்து வாடகை வீட்டின் ஒவ்வொரு தளத்திலும் புகை அலாரம் வைப்பது வீட்டுக்காரரின் சட்டப்படியான கடமை. ஊரில் அம்மா வீட்டுக்கு நான் இரண்டு வாங்கிக் கொடுத்தேன். பேட்டரியில் ஓடுவது, கூரையில் இரண்டு திருகு, அவ்வளவுதான். ஒன்று படுக்கையறைக்கு வெளியே, ஒன்று ஹாலில். அடுக்களைக்குள் வைத்தால் தாளிக்கும்போதெல்லாம் கத்தும், அப்புறம் யாராவது பேட்டரியைக் கழற்றிவிடுவார்கள்.

ஈரச்சாக்கு (தஞ்சாவூர்)

தீயணைப்புத் துறையில் 31 வருடம் இருந்து ஓய்வு பெற்றவன். கரண்ட்டை வயர்மேன் தம்பி நன்றாகச் சொல்லிவிட்டார். நான் அடுப்படிக்கு வருகிறேன்.

சிலிண்டரில் இருப்பது புரோபேனும் பியூட்டேனும். இரண்டும் காற்றைவிடக் கனம். கசிந்தால் மேலே போகாது, தரையோடு படர்ந்து கட்டிலுக்கடியில், சாக்கடைத் துளையில், படிக்கட்டின் கீழே தங்கும். காற்றில் நூற்றுக்கு 2 பங்கு சேர்ந்தாலே பற்றிக்கொள்ளும். வாயுவுக்கு என்று சொந்த வாடை கிடையாது. நமக்குத் தெரிய வேண்டும் என்றே எத்தில் மெர்காப்டன் என்ற நாற்றப் பொருளைக் கலக்கிறார்கள்.

ராத்திரி எழுந்து வந்தீர்கள், வாடை அடிக்கிறது. கை தானாக லைட் ஸ்விட்சுக்குப் போகும். அங்கேதான் போகிறது உயிர். எந்த ஸ்விட்சையும் போடவும் கூடாது, போட்டிருப்பதை அணைக்கவும் கூடாது. எக்ஸாஸ்ட் ஃபேன் போட்டால் வாயு வெளியேறும் என்று நினைத்துப் போட்டவர்களை நான் தூக்கி வந்திருக்கிறேன். இருட்டிலேயே போய் ரெகுலேட்டரை மூடுங்கள். விளக்கு எரிந்தால் அது எரியட்டும். சாமி விளக்கு எரிந்தால், வாடை லேசாக இருக்கும்போதே அணைத்துவிடுங்கள். வாடை மூச்சை அடைக்கிற அளவு என்றால் உள்ளே நிற்காமல் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு வெளியேறுங்கள். கதவு ஜன்னலைத் திறந்துவிட்டு, தெருவுக்கு வந்த பிறகு போன் எடுத்து 1906 அடியுங்கள். கேஸ் கசிவுக்கென்றே உள்ள நம்பர், ராத்திரியிலும் எடுப்பார்கள். தீ என்றால் 101 அல்லது 112.

சிலிண்டர் மாற்றும்போது பையன் வந்து மாட்டிவிட்டுப் போவான். மாட்டும்முன் மூடியைக் கழற்றி, வால்வுக்குள் ரப்பர் வளையம் இருக்கிறதா என்று டார்ச் அடித்துப் பார்க்கச் சொல்லுங்கள். பல கசிவுகள் அந்தச் சின்ன வளையத்தில்தான். ரெகுலேட்டர் மாட்டியபின் சோப்பு நுரை தடவிப் பாருங்கள். குமிழி விட்டால் கசிவு. தீக்குச்சி கிழித்துப் பார்க்கிற பழக்கம் இன்னும் சில வீடுகளில் இருக்கிறது, அதை என்ன சொல்வது.

ஆரஞ்சு நிற டியூபுக்கு ஆயுள் 5 வருடம், தேதி அதன் மேலேயே அச்சாகியிருக்கும். எலி கடித்திருக்கிறதா என்று அடுப்புக்குக் கீழே கையை விட்டுத் தடவிப் பாருங்கள். கறை படியாமல் இருக்கத் துணி சுற்றி வைப்பார்கள், அப்படிச் சுற்றினால் வெடிப்பு தெரியாது. சிலிண்டர் கழுத்தில் ஏ, பி, சி, டி என்று ஒரு எழுத்தும் வருடமும் இருக்கும். ஏ என்றால் ஜனவரி முதல் மார்ச், டி என்றால் அக்டோபர் முதல் டிசம்பர். மறுசோதனைக்குப் போக வேண்டிய காலம் அது. தாண்டியிருந்தால் வாங்காமல் திருப்பி அனுப்ப உங்களுக்கு உரிமை உண்டு.

கொடிமுல்லை

ஐயா, ரெகுலேட்டர் பக்கம் தீ பிடித்துவிட்டால் சிலிண்டர் வெடித்துவிடும் என்று எல்லோரும் ஓடுவோமே. அது சரியா?

ஈரச்சாக்கு

வாய்ப்பகுதியில் எரிகிற தீ உடனே உள்ளே போய் வெடிக்காது அம்மா. உள்ளே காற்று இல்லை, அதனால் உள்ளே எரிய வழி இல்லை. பள்ளிக்கூடங்களில் நாங்கள் செய்முறை காட்டும்போது, ஈரச் சாக்கை இரண்டு கையாலும் நம் முகத்துக்கு மறைப்பாகப் பிடித்துக்கொண்டு, காற்றுக்கு முதுகு காட்டிப் போய், வாய்மேல் போர்த்தி, அதே நிமிடம் ரெகுலேட்டரை மூடுவோம். என் பெயர் அதிலிருந்து வந்ததுதான். ஆனால் இரண்டு எச்சரிக்கை. மூட முடியாது என்று தெரிந்தால் தீயை மட்டும் அணைக்காதீர்கள். எரிகிற தீயைவிட, எரியாமல் அறையை நிரப்புகிற வாயு மோசம். அடுத்தது, அறையே எரிந்து சிலிண்டரின் உடம்பு சூடாகிக்கொண்டிருந்தால், அது உண்மையிலேயே வெடிக்கும். அப்போது வீரம் வேண்டாம். கதவைச் சாத்திவிட்டு வெளியேறி, எத்தனை சிலிண்டர் உள்ளே இருக்கிறது என்று வருகிற வண்டிக்காரர்களிடம் முதல் வார்த்தையாகச் சொல்லுங்கள்.

பனங்காய்ப்பணியாரம் (யாழ்ப்பாணம்)

ஐயா எழுதினதை வாசிக்க 2021 கடைசி மாதங்கள்தான் ஞாபகத்துக்கு வருது. நவம்பர், டிசம்பரில எங்கட நாடு முழுக்க ஒவ்வொரு நாளும் எங்கயாவது காஸ் அடுப்பு வெடிச்ச செய்தி. கலவையில புரோபேன் விகிதம் மாறினதுதான் காரணமெண்டு பெரிய விவாதம், ஜனாதிபதி ஒரு குழுவும் போட்டவர். புரோபேன் கூடினால் உள்ளுக்குள்ள அமுக்கம் கூடும், பழைய வோசரும் ரெகுலேட்டரும் தாங்காது. மணத்துக்குச் சேர்க்கிற மெர்காப்டன் போதாதெண்டும் அந்த நேரம்தான் பிரச்சினை வந்தது.

அம்மா அந்த மாதங்களில சிலிண்டரைக் குசினிக்கு வெளியில, மாமரத்துக்குக் கீழ வைச்சிட்டா. சமைக்க மட்டும் போய் திறந்து விடுவா, முடிஞ்ச கையோட மூடுவா. பயத்தில வந்த பழக்கம் இப்பவும் நிக்குது. இரவு படுக்க முன்னம் ரெகுலேட்டரை மூடாமல் அவ விளக்கை நூர்க்கிறதில்லை. எங்களுக்குத் தீயணைப்பு 110, அம்புலன்ஸ் 1990. இலங்கையில இருந்து வாசிக்கிறவை குறிச்சு வையுங்கோ.

செவிலி_அக்கா (சென்னை)

தீக்காய வார்டில் 9 வருடம் வேலை பார்த்தவள் என்பதால் இதை மட்டும் எழுதிவிட்டுப் போகிறேன்.

காயத்தின் மேல் எதைப் பூசிக்கொண்டு வருவார்கள் தெரியுமா? பேனா மை, பற்பசை, இட்லி மாவு, மஞ்சள், முட்டை வெள்ளை, ஒரு தடவை காபித்தூள். எல்லாவற்றையும் நாங்கள் முதலில் கழுவி எடுக்க வேண்டும். அந்தக் குழந்தைகள் அழுகிற அழுகையில் பாதி அதற்காகத்தான். குழாய்த் தண்ணீர் போதும். பச்சைத் தண்ணீரை 20 நிமிடம் விடாமல் ஓட விடுங்கள். 20 நிமிடம் என்பது நீங்கள் நினைப்பதைவிட ரொம்ப நீளம், கடிகாரம் பார்த்துச் செய்யுங்கள். ஐஸ் வேண்டாம். வளையல், மோதிரம், மெட்டி, இடுப்புக்கயிறு எல்லாவற்றையும் வீங்குவதற்கு முன் கழற்றுங்கள். கொப்புளத்தைக் குத்தாதீர்கள். துவைத்த வெள்ளைத் துணியால் லேசாகப் போர்த்திக்கொண்டு வாருங்கள்.

உடுத்திய துணியில் தீப்பிடித்தால் ஓடக் கூடாது. ஓடினால் தீ முகத்துக்கு ஏறும். அந்த இடத்திலேயே படுத்து உருள வேண்டும், பக்கத்தில் இருப்பவர் ஜமுக்காளத்தைப் போட்டு அமுக்க வேண்டும். பருத்தி ஜமுக்காளம், நைலான் போர்வை அல்ல. உருகி ஒட்டிய துணியைப் பிய்த்து இழுக்காதீர்கள். சமைக்கும்போது பாலியஸ்டர் நைட்டியும், தோளில் தொங்குகிற துப்பட்டாவும் வேண்டாம் பெண்களே. அடுப்பின் பின்பக்கம் இருக்கிற டப்பாவை எட்டி எடுக்கும்போதுதான் முந்தானை பிடிக்கிறது. டப்பாவை இடம் மாற்றுங்கள்.

மாடிவீட்டு_ரவுண்டானா

வயர்மேன் அண்ணா, நாளைக் காலை ஆள் வருகிறார். 32-ஐக் கழற்றி, ஹீட்டருக்குத் தனி லைன் இழுக்கச் சொல்லியிருக்கிறேன். நன்றி. இன்னொரு சந்தேகம். பேட்டரி ஸ்கூட்டரை ராத்திரி வாசல் நடையில் சார்ஜ் போடுகிறோம். அது பிரச்சினையா?

ஈரச்சாக்கு

பிரச்சினைதான். 2022 மார்ச்சில் வேலூரில் வீட்டில் சார்ஜ் போட்டிருந்த மின் வண்டி ராத்திரி பற்றி, ஒரு தகப்பனும் மகளும் போய்விட்டார்கள். அவர்களைக் கொன்றது நெருப்பு அல்ல, புகை. அந்த வருடம் வரிசையாக வண்டிகள் எரிந்த பிறகுதான் பேட்டரிக்கான விதிகளைக் கடுமையாக்கினார்கள். வாசல் நடையில் வண்டி எரிந்தால் நீங்கள் எந்த வழியாக வெளியே போவீர்கள்? வெளியேறும் வழியில் சார்ஜ் போடவே கூடாது. விழித்திருக்கும் நேரத்தில், திறந்த இடத்தில், வண்டியோடு வந்த சார்ஜரில் மட்டும். ஓட்டி வந்த சூட்டோடு மாட்டாமல் அரை மணி ஆறவிடுங்கள்.

வழி என்றதும் ஒன்று. நம் ஊரில் திருடனுக்குப் பயந்து எல்லா ஜன்னலுக்கும் கம்பி, வாசலுக்குக் கம்பிக்கதவு, அதற்குப் பெரிய பூட்டு. சாவி அப்பாவின் சட்டைப்பையிலோ, அம்மாவின் தலையணைக்கடியிலோ. புகை நிறைந்த வீட்டில் இரண்டு நிமிடத்தில் கண் தெரியாது. நாங்கள் போய்ப் பார்க்கும்போது பலர் கதவுக்கு அருகில்தான் கிடப்பார்கள். கதவை அடைந்திருக்கிறார்கள், சாவி இல்லை. வெளியிலிருந்து கை எட்டாத தூரத்தில், உள்ளிருப்பவர் இருட்டில் தடவி எடுக்கிற உயரத்தில் ஒரு ஆணி அடித்து சாவியை அதில் தொங்கவிடுங்கள். வீட்டில் சின்னப் பிள்ளை இருந்தால் அதன் கைக்கும் எட்ட வேண்டும். புகையில் நிமிர்ந்து நடக்காமல் தவழ்ந்து வர வேண்டும் என்று பிள்ளைகளுக்கு விளையாட்டு மாதிரி ஒருநாள் செய்து காட்டுங்கள்.

அரசுப்பள்ளி_டீச்சர்

வடைச் சட்டியில் எண்ணெய் பற்றிக்கொண்டால் என்ன செய்வது ஐயா? போன தீபாவளிக்கு எங்கள் தெருவில் ஒரு வீட்டில் தண்ணீர் ஊற்றி மேற்கூரை வரை எழும்பிவிட்டது.

ஈரச்சாக்கு

தண்ணீர் எண்ணெய்க்கு அடியில் போய் நொடியில் ஆவியாகும். ஆவி 1700 மடங்கு இடம் கேட்கும், எரிகிற எண்ணெயை வீசி எறியும். அடுப்பை மூடுங்கள், பெரிய தட்டையோ மூடியையோ பக்கவாட்டிலிருந்து நகர்த்தி மூடுங்கள், ஆறும்வரை திறக்காதீர்கள். சட்டியைத் தூக்கிக்கொண்டு கொல்லைக்கு ஓடக் கூடாது. பண்டிகைப் பலகாரம் போடும்போது மூடியை முதலிலேயே கைக்கெட்டும் இடத்தில் எடுத்து வையுங்கள்.

கொடிமுல்லை

இன்று ஆள் வந்து திறந்து பார்த்தார். சாக்கெட்டுக்குப் பின்னால் நியூட்ரல் வயரின் தோல் நான்கு விரல் நீளத்துக்குக் கருகிப் பொடியாக உதிர்ந்தது. செம்பு கறுத்திருந்தது. திருகு விரலாலேயே சுழன்றது. கருகினதை வெட்டி, இண்டக்‌ஷனுக்கு 16 ஆம்ப் சாக்கெட் தனி லைனில் போட்டிருக்கிறார். மல்டி பிளக் இனி வீட்டுக்குள் கிடையாது. காலண்டரை அத்தையே எடுத்து ஹாலில் மாட்டிவிட்டார்கள்.

வீட்டுக்காரர் செலவைத் தர முதலில் மறுத்தார். உருகின சாக்கெட்டையும் கருகின வயரையும் கவரில் போட்டுக் கையில் கொடுத்தோம். மோந்து பார்த்தார். கொஞ்ச நேரம் பேசவில்லை. இதே வீட்டில் இன்னும் மூன்று போர்ஷன், எல்லாம் ஒரே நாளில் வயரிங் செய்தது. நாளைக்கு மூன்றையும் திறந்து பார்க்கச் சொல்லியிருக்கிறார்.

கம்பிக்கதவு சாவிக்கு ஆணி அடித்தாயிற்று. என் ஆறு வயது மகள் இருட்டில் இரண்டு தடவை எடுத்துக் காட்டிவிட்டாள்.

வயர்மேன்47

நல்லதும்மா. நாளைக்கு வருகிறவரிடம் எர்த்தையும் டெஸ்ட் பண்ணச் சொல்லுங்கள். அந்த மூன்று வீட்டிலும் ஃபிரிட்ஜுக்குப் பின்னால் இருந்து தொடங்கச் சொல்லுங்கள்.